வரைபடத்தில் ஒட்டாமல் கிடக்கும் ரஷ்யா

கேள்வி: பையனுக்கு ஐரோப்பா வரைபடம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். போலந்துக்கும் லித்துவேனியாவுக்கும் நடுவே, கடலோரமாக ஒரு சின்னத் துண்டுக்கு ரஷ்யாவின் நிறத்தைக் கொடுத்திருக்கிறார்கள். ரஷ்யாவோ எங்கோ கிழக்கே இருக்கிறது. இது அச்சுப்பிழையா? இல்லை என்றால் அந்தத் துண்டு எப்படி அங்கே போய்ச் சேர்ந்தது? யாரும் ஏன் திருப்பிக் கேட்கவில்லை?

பதில்:

அச்சுப்பிழை இல்லை. அது ரஷ்யாவேதான். பெயர் கலினின்கிராட். சுமார் 15,100 சதுர கிலோமீட்டர், பெல்ஜியத்தில் பாதி இருக்கும். ஏறக்குறைய 10 லட்சம் மக்கள், அதில் பாதிப் பேர் அதே பெயருள்ள தலைநகரில். வடக்கிலும் கிழக்கிலும் லித்துவேனியா, தெற்கே போலந்து, மேற்கே பால்டிக் கடல். அங்கிருந்து மாஸ்கோ ஏறக்குறைய 1,100 கிலோமீட்டர். பெர்லின் அதில் பாதி தூரம்தான். மாஸ்கோவில் மணி பன்னிரண்டு அடிக்கும்போது இங்கே பதினொன்று.

பொது அறிவுப் புத்தகங்கள் இதை "ரஷ்யாவோடு நிலத்தொடர்பு இல்லாத ரஷ்ய மாகாணம்" என்று ஒரே வரியில் முடித்துவிடும். அதைவிட விசித்திரமான சங்கதி ஒன்று உண்டு. நூறு வருடத்துக்குள் இந்த மண் இரண்டு முறை தாய்நாட்டிலிருந்து அறுபட்டிருக்கிறது. முதல் முறை அறுபட்டது ஜெர்மனியிலிருந்து. இரண்டாம் முறை ரஷ்யாவிலிருந்து. முதல் முறை அந்தத் துண்டிப்பு ஓர் உலகப் போருக்குச் சாக்காகப் போனது. இரண்டாம் முறை, இதுவரைக்கும், ரயில் டிக்கெட்டையும் அனுமதிச் சீட்டையும் வைத்தே சமாளித்து வருகிறார்கள். உங்கள் கேள்விக்கான விடை முழுக்க இந்த இரண்டு துண்டிப்புகளுக்குள் இருக்கிறது. ஆனால் அங்கே போவதற்கு முன் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

1946 வரை இந்த ஊரின் பெயர் கோனிக்ஸ்பெர்க். ஜெர்மன் மொழியில் "அரசன் மலை" என்று பொருள். மலை என்று தேடினால் ஒன்றும் கிடைக்காது, மேட்டுநிலம்தான். அரசன் மட்டும் உண்மை: பொஹீமியாவின் இரண்டாம் ஒட்டகர். அவர் படையோடு வந்து உதவியதற்கு நன்றியாக, 1255-ல் டியூட்டானிக் வீரத்துறவிகள் இங்கே கோட்டை கட்டி அவர் நினைவாகப் பெயர் வைத்தார்கள். துறவிகள் என்றதும் கமண்டலத்தை நினைக்க வேண்டாம். வெள்ளை அங்கியில் கறுப்புச் சிலுவை போட்டு, குதிரையில் வாளோடு வந்தவர்கள். சிலுவைப் போர்க் காலத்தில் உருவான ஜெர்மன் அமைப்பு அது. இந்தப் பக்கத்தில் அப்போது வாழ்ந்தவர்கள் கிறிஸ்தவத்துக்கு வராத ஒரு பால்டிக் இனம். அவர்கள் மொழி லித்துவேனிய மொழிக்கு உறவு. அவர்களை அடக்குவதற்காக அழைக்கப்பட்டவர்கள், அடக்கியதோடு நிலத்தையும் எடுத்துக்கொண்டார்கள்.

அந்தப் பழங்குடிகளின் பெயர்தான் பிரஷ்யர். ஆம், பின்னாளில் ராணுவக் கட்டுப்பாட்டுக்கும் கூர்த் தொப்பிக்கும் பேர்போன அந்த "பிரஷ்யா" ஒரு ஜெர்மன் பெயரே அல்ல. தோற்றவர்களின் பெயரை ஜெயித்தவர்கள் எடுத்துப் போட்டுக்கொண்டார்கள். பெயருக்குச் சொந்தக்காரர்களின் மொழி 18-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பேச ஆளில்லாமல் மறைந்துபோனது. இந்த ஊரின் கதையில் ஒரு ஜனம் போய் இன்னொரு ஜனம் வருவது 1945-ல் ஆரம்பித்த பழக்கம் இல்லை என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

1410-ல் போலந்தும் லித்துவேனியாவும் சேர்ந்து கிரன்வால்ட் போரில் இந்தத் துறவிகளின் முதுகெலும்பை முறித்தன. 1525-ல் அந்த அமைப்பின் தலைவராக இருந்த ஆல்பிரெக்ட், கத்தோலிக்கத் திருச்சபையை எதிர்த்த லூதரின் பக்கம் சாய்ந்து, துறவைக் கழற்றி வைத்துவிட்டு, துறவிகளின் நிலத்தைத் தன் குடும்பச் சொத்தான சிற்றரசாக மாற்றிக்கொண்டார். அதற்கு ஒப்புதல் கொடுத்தது கத்தோலிக்கரான போலந்து மன்னர் முதலாம் சிகிஸ்மண்ட். ஏன் கொடுத்தார் என்று ஆச்சரியப்பட வேண்டாம். அவர் ஆல்பிரெக்டின் தாய்மாமன். கிராக்கோவ் நகரச் சதுக்கத்தில் மருமகன் மாமன் முன் மண்டியிட்டுத் திறை ஒப்புக்கொண்டார், விஷயம் முடிந்தது. இதே ஆல்பிரெக்ட் 1544-ல் கோனிக்ஸ்பெர்க்கில் ஒரு பல்கலைக்கழகமும் தொடங்கினார். அதன் பலன் பின்னால் வருகிறது.

1618-ல் இந்தச் சிற்றரசு வாரிசு வழியில் பெர்லினில் இருந்த பிராண்டன்பர்க் ஆட்சியாளர்களிடம் போனது. இங்கே வினாடி வினாக்காரர்களுக்குப் பிடித்த ஒரு நுணுக்கம் இருக்கிறது. பிராண்டன்பர்க் ஆட்சியாளர் பிரெடரிக்குக்கு "மன்னர்" பட்டம் வேண்டும் என்று ஆசை. ஆனால் பெர்லின் புனித ரோமானியப் பேரரசுக்குள் இருந்தது. அதற்குள் ஜெர்மன் பிரபு எவரும் தன் நிலத்துக்கு மன்னர் என்று சொல்லிக்கொள்ள முடியாது. கிழக்கே இருந்த பிரஷ்யாவோ பேரரசின் எல்லைக்கு வெளியே. ஆகவே 1701 ஜனவரி 18 அன்று, பெர்லினை விட்டுவிட்டு குளிர்காலத்தில் கோனிக்ஸ்பெர்க் வரை போய், தன் கையாலேயே தன் தலையில் கிரீடத்தை வைத்துக்கொண்டார்.

அதிலும் ஒரு சிக்கல். பிரஷ்யாவின் மேற்குப் பகுதி அப்போது போலந்து மன்னரிடம் இருந்தது. முழுப் பிரஷ்யாவுக்கும் மன்னர் என்றால் போலந்துக்குக் கோபம் வரும். ஆகவே பட்டம் "பிரஷ்யாவின் மன்னர்" என்றில்லாமல் "பிரஷ்யாவில் மன்னர்" என்று வந்தது. நம் இலக்கணப்படி சொன்னால் ஏழாம் வேற்றுமையில் ஆட்சி. 1772-ல் போலந்தைக் கூறுபோட்டு அந்த மேற்குப் பகுதியைப் பிடுங்கிக்கொண்ட பிறகுதான் ஆறாம் வேற்றுமைக்கு முன்னேறினார்கள். ஒரு உருபுக்காக 71 வருடம் காத்திருந்த அரசவம்சம் வேறெங்கும் இருக்கிறதா தெரியவில்லை. 1871-ல் ஜெர்மன் பேரரசை வெர்சாய் மாளிகையில் பிரகடனம் செய்யவும் அதே ஜனவரி 18-ஐத்தான் பொறுக்கி எடுத்தார்கள்.

பெர்லின் பெரிதாக வளர, கோனிக்ஸ்பெர்க் முடிசூட்டு ஊர் என்ற கௌரவத்தோடு ஓரத்தில் நின்றது. ஆனால் உலகம் அதை நினைவில் வைத்திருப்பது இரண்டு பேரால். ஒருவர் அந்த ஊருக்கு வரக்கூட வேண்டியிருக்கவில்லை: கணித மேதை ஆய்லர். பிரேகல் ஆறு நகருக்குள் இரண்டாகப் பிரிந்து நடுவில் தீவை உண்டாக்கியிருந்தது, ஏழு பாலங்கள். ஒரு பாலத்தையும் இருமுறை கடக்காமல் ஏழையும் சுற்றி வர முடியுமா என்பது ஊர்க்காரர்களின் பொழுதுபோக்குப் புதிர். செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் உட்கார்ந்தபடி, முடியவே முடியாது என்று ஆய்லர் நிரூபித்தார். அந்தப் பதில்தான் வரைபுக் கோட்பாடு என்ற கணிதத்துறைக்கு விதை. இன்று உங்கள் கைப்பேசி வழி காட்டும் கணக்குக்குப் பின்னால் அந்த ஆற்றுப் பாலங்களும் இருக்கின்றன.

இன்னொருவர் அந்த ஊரை விட்டு அதிகம் நகராதவர்: இம்மானுவேல் காண்ட். 1724-ல் அங்கே பிறந்து, அங்கேயே படித்து, அங்கேயே பாடம் நடத்தி, 1804-ல் அங்கேயே இறந்தார். அவர் மாலை நடைக்குக் கிளம்புவதைப் பார்த்து ஊரார் கடிகாரத்தைச் சரிசெய்வார்களாம். பலருக்குத் தெரியாத ஒன்று: காண்ட் நான்கு வருடம் ரஷ்யப் பிரஜையாக இருந்தவர். ஏழாண்டுப் போரின்போது, 1758 ஜனவரியில், ரஷ்ய மகாராணி எலிசவேத்தாவின் படை கோனிக்ஸ்பெர்க்கைப் பிடித்தது. பெரிய சண்டை எதுவும் இல்லை. நகரத்தார் மகாராணிக்கு விசுவாசப் பிரமாணம் செய்தார்கள், பேராசிரியர்கள் உட்பட. அந்த ஆண்டு இறுதியில் பல்கலைக்கழகத்தில் ஒரு பேராசிரியர் இடம் காலியானது. 34 வயதுக் காண்ட், புதிய ஆட்சியாளரான எலிசவேத்தாவுக்கே பணிவோடு விண்ணப்பம் எழுதினார். வேலை வேறொருவருக்குப் போனது. அவர் பேராசிரியரானது 1770-ல்தான். இதற்குள் எலிசவேத்தா இறந்து, அடுத்து வந்த மூன்றாம் பீட்டர் 1762-ல் ஊரைப் பிரஷ்யாவுக்கே திருப்பிக் கொடுத்துவிட்டார். இந்த விண்ணப்பத்தை மறக்காதீர்கள், கடைசியில் தேவைப்படும்.

அடுத்த நூறு சொச்சம் ஆண்டுகளை வேகமாகத் தாண்டலாம். 1807-ல் நெப்போலியனும் ரஷ்யச் சக்கரவர்த்தி அலெக்சாண்டரும் நெமான் ஆற்றின் நடுவே ஒரு தெப்பத்தில் சந்தித்து ஐரோப்பாவைப் பங்கு பேசிய தில்சித் ஊர் இந்த மாகாணத்தில்தான் இருக்கிறது. பிரஷ்ய மன்னர் கரையில் நின்று வேடிக்கை பார்த்தார் என்பதை மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன்.

இனி முதல் துண்டிப்பு. முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்றது. நூறாண்டுக்கு மேல் வரைபடத்தில் இல்லாதிருந்த போலந்து மறுபடி பிறந்தது. புதிய நாட்டுக்குக் கடல் வேண்டும். 1919 வெர்சாய் ஒப்பந்தம், ஜெர்மனியின் உடம்பில் ஒரு கீற்று நிலத்தை அறுத்து, பால்டிக் கடல் வரை போலந்துக்குக் கொடுத்தது. போலந்து வழிப்பாதை என்று பாடப்புத்தகங்கள் சொல்வது இதைத்தான். அந்தக் கீற்றில் வாழ்ந்தவர்களில் பெரும்பாலோர் போலந்துக்காரர்களும் அவர்களுக்கு உறவான கஷூபியர்களும்தான், ஆகவே முழு அநியாயம் என்று சொல்ல முடியாது. ஆனால் அதன் கிழக்கே கோனிக்ஸ்பெர்க்கைத் தலைநகராகக் கொண்ட கிழக்குப் பிரஷ்யா, 20 லட்சத்துக்கும் மேற்பட்ட ஜெர்மானியரோடு, தீவாகிவிட்டது. பக்கத்தில் டான்சிக் என்ற துறைமுக நகரம் யாருக்கும் இல்லாமல் சர்வதேச சங்கத்தின் மேற்பார்வையில் தனி நகரமாக விடப்பட்டது. அது இன்றைய க்தான்ஸ்க்.

பெர்லினிலிருந்து கோனிக்ஸ்பெர்க் போக இனி என்ன வழி? இரு நாடுகளும் பேசி ஓர் ஏற்பாட்டுக்கு வந்தன. போலந்து மண்ணைக் கடக்கும் ஜெர்மன் ரயில்கள் கதவு பூட்டிய நிலையில் ஓடும். ஏறவும் முடியாது, இறங்கவும் முடியாது. அதனால் பயணிகளுக்கு விசா தேவையில்லை. அது பிடிக்காதவர்களுக்காக 1920 முதல் ஜெர்மனி தனியாகக் கப்பல் சேவையும் நடத்தியது. கவனியுங்கள், நடைமுறையில் ஏற்பாடு ஓடிக்கொண்டுதான் இருந்தது. ரயில் போனது, சரக்கு போனது, ஜனங்கள் போய் வந்தார்கள். வலித்தது கால் அல்ல, கௌரவம். அந்த வலியை ஹிட்லர் முதலீடாக்கினார். டான்சிக் எங்களுக்கு வேண்டும், வழிப்பாதைக்குக் குறுக்கே எங்கள் கட்டுப்பாட்டில் ஒரு நெடுஞ்சாலையும் ரயில் பாதையும் வேண்டும் என்பது 1938 இறுதியிலிருந்து போலந்திடம் வைத்த கோரிக்கை. போலந்து மறுத்தது. 1939 செப்டம்பர் 1 அன்று போர் தொடங்கியது. சாலை கிடைத்திருந்தால் போர் வந்திருக்காது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். அதே 1939 மார்ச்சில் செக்கோஸ்லோவாகியாவின் மிச்சத்தையும் விழுங்கியவருக்குச் சாலையா குறை?

போர் கிழக்குப் பிரஷ்யாவுக்குள் கடைசிக் கட்டத்தில்தான் வந்தது. அதுவரை ஹிட்லரின் முக்கியத் தலைமையகமான "ஓநாய்க் குகை" இந்த மாகாணத்துக் காட்டுக்குள்தான் இருந்தது. அந்த இடம் இன்று போலந்தில். 1944 ஆகஸ்ட் கடைசியில் இரண்டு இரவுகள் பிரிட்டிஷ் விமானங்கள் குண்டு போட்டு கோனிக்ஸ்பெர்க்கின் பழைய நகரத்தைச் சாம்பலாக்கின. 1945 ஜனவரியில் சோவியத் படை பெரும் தாக்குதலோடு உள்ளே புகுந்தது. தப்பிப் போங்கள் என்று மக்களுக்கு உத்தரவு போடாமல் நாஜி அதிகாரிகள் கடைசி நிமிடம் வரை தடுத்து வைத்திருந்தார்கள். ஆகவே உறைபனிக் காலத்தில், உறைந்து கிடந்த கடற்கழியின் மேல் மாட்டுவண்டியும் குதிரைவண்டியுமாக ஜனங்கள் ஓடினார்கள். பனி உடைந்து வண்டியோடு மூழ்கியவர்கள் உண்டு. அகதிகளை ஏற்றிக்கொண்டு கிளம்பிய வில்ஹெல்ம் குஸ்ட்லோஃப் என்ற கப்பலை ஜனவரி 30 அன்று சோவியத் நீர்மூழ்கி சாய்த்தது. இறந்தவர்கள் 9,000 பேருக்கு மேல் இருக்கலாம் என்பது கணக்கு. டைட்டானிக்கைப் போல ஆறு மடங்கு. அதே வாரம், ஆம்பர் என்ற மரப்பிசின் கல்லைத் தோண்டும் பால்ம்னிக்கன் கடற்கரையில், வதைமுகாம்களிலிருந்து நடத்திக் கூட்டிவரப்பட்ட யூதக் கைதிகளை, பெரும்பாலும் பெண்களை, நாஜிகள் ஆயிரக்கணக்கில் சுட்டுக் கடலுக்குள் தள்ளினார்கள். ஒரே கரையில் இரண்டு துயரங்கள். ஒன்றைச் சொல்லி மற்றொன்றை மறைப்பவர்கள் இரு பக்கமும் இருக்கிறார்கள் என்பதால் இரண்டையும் சொல்கிறேன். ஏப்ரல் 6-ல் தொடங்கிய கடைசித் தாக்குதல் நான்கே நாளில் முடிந்தது. ஏப்ரல் 9 அன்று கோட்டைத் தளபதி சரணடைந்தார்.

சரி, இது ஏன் ரஷ்யாவுக்குப் போனது? 1943 இறுதியில் தெஹ்ரான் மாநாட்டிலேயே ஸ்டாலின் கேட்டு வைத்துவிட்டார். காரணம்: பால்டிக் கடலில் எங்களுக்குக் குளிர்காலத்தில் உறையாத துறைமுகம் இல்லை. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. லெனின்கிராட் (செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கின் அன்றைய பெயர்) துறைமுகம் உண்மையிலேயே உறைந்துபோகும். ஆனால் வரைபடத்தைக் கையில் எடுத்துப் பார்த்தால், அதே சோவியத் ஒன்றியம் தன்னுடையது என்று உரிமை கொண்டாடிய லாத்வியாவிலும் லித்துவேனியாவிலும் வெண்ட்ஸ்பில்ஸ், லியபாயா, கிளைபெடா என்று உறையாத துறைமுகங்கள் வரிசையாக இருந்தன. ஆக, துறைமுகம் சொல்லப்பட்ட காரணம். ஜெர்மன் ராணுவப் பெருமையின் தொட்டிலையே கையில் எடுத்துக்கொள்வது சொல்லாத காரணம் என்பது என் கணிப்பு. சர்ச்சிலும் ரூஸ்வெல்ட்டும் மறுக்கவில்லை. 1945 போட்ஸ்டாம் மாநாட்டில் கிழக்குப் பிரஷ்யாவைப் பிரித்தார்கள்: வடக்கே மூன்றில் ஒரு பங்கு சோவியத்துக்கு, மீதி போலந்துக்கு. "இறுதி சமாதான உடன்படிக்கை வரும் வரை" என்ற வாசகத்தோடு கொடுத்தார்கள். அந்த உடன்படிக்கை வர 45 வருடம் ஆனது.

அதற்குப் பின் நடந்ததுதான் இந்த ஊரை மற்ற எல்லை மாறிய ஊர்களிலிருந்து வேறுபடுத்துகிறது. ஐரோப்பாவில் எல்லைக்கோடு நகர்வது புதிதில்லை; அல்சாஸ் ஊர்க்காரர்கள் வீட்டை விட்டு நகராமலே பிரான்சுக்கும் ஜெர்மனிக்கும் மாறி மாறிப் பிரஜையானார்கள். இங்கே கோடு நகர்ந்ததோடு ஜனங்களையும் துடைத்தெடுத்தார்கள். 1939-ல் சுமார் 3,72,000 பேர் வாழ்ந்த நகரம் அது. போருக்குப் பின் மாகாணத்தில் மிஞ்சிய ஜெர்மானியரில் பசியிலும் டைஃபஸ் காய்ச்சலிலும் போனவர்கள் போக, சுமார் 1 லட்சம் பேரை 1947, 48-ல் ரயிலேற்றி ஜெர்மனிக்கு அனுப்பிவிட்டார்கள். காலி வீடுகளில் ரஷ்யா, பெலாரஸ், உக்ரைன் பக்கங்களிலிருந்து போரில் எல்லாம் இழந்தவர்கள் குடியேற்றப்பட்டார்கள். அடுப்பங்கரையில் யாரோ விட்டுப்போன பீங்கான் தட்டுகள், கதவில் படிக்கத் தெரியாத எழுத்தில் ஒரு பெயர். அந்த வீடுகளில்தான் அவர்கள் பிள்ளை வளர்த்தார்கள்.

பெயர்கள் அடுத்துப் போயின. 1946 ஜூன் மாதம் சோவியத் அரசின் பெயரளவுத் தலைவராக நெடுங்காலம் இருந்த மிகயீல் கலினின் இறந்தார். ஜூலை 4 அன்று கோனிக்ஸ்பெர்க் கலினின்கிராட் ஆனது. தில்சித் சோவெட்ஸ்க் ஆனது. பில்லாவ் துறைமுகம் பால்டீஸ்க். பால்ம்னிக்கன் யாந்தார்னி, ரஷ்ய மொழியில் யாந்தார் என்றால் ஆம்பர். பல கோடி வருடத்துக்கு முந்தைய மரப்பிசின் உறைந்து கல்லான பொருள் அது. உலகில் தோண்டி எடுக்கப்படும் ஆம்பரில் பெரும்பங்கு இந்தக் கடற்கரையிலிருந்துதான் வருகிறது. 1716-ல் பிரஷ்ய மன்னர் ரஷ்யாவின் மகா பீட்டருக்குப் பரிசாகக் கொடுத்த ஆம்பர் அறையின் பலகைகளை, 1941-ல் ஜெர்மன் படை பெயர்த்தெடுத்து இந்த ஊர்க் கோட்டைக்குத்தான் கொண்டுவந்தது. 1945-க்குப் பிறகு அதைக் கண்டவர் இல்லை. புதையல் தேடுபவர்கள் இன்னும் ஓயவில்லை.

அந்தக் கோட்டையின் இடிபாட்டை 1960-களின் இறுதியில் வெடி வைத்துத் தகர்த்தார்கள். பக்கத்திலேயே "சோவியத்துகளின் இல்லம்" என்று பெரிய கான்கிரீட் கட்டடம் எழுப்பினார்கள். கழுத்து வரை மண்ணில் புதைந்த ரோபோவின் தலை மாதிரி இருக்கிறது என்று ஊரார் கேலி பேசினார்கள். அரை நூற்றாண்டு நின்றும் அதற்குள் ஓர் அலுவலகம்கூடக் குடிவரவில்லை. 2005-ல் ஊரின் 750-வது ஆண்டு விழாவுக்கு வெளிநாட்டுத் தலைவர்கள் வருகிறார்கள் என்று வெளியே மட்டும் வெளிர்நீலத்தில் பெயிண்ட் அடித்தார்கள். இப்போது அதையும் இடித்துவிட்டார்கள். தீவில் இருந்த தேவாலயம் மட்டும் தப்பியது. காரணம், அதன் சுவரை ஒட்டிக் காண்டின் கல்லறை இருக்கிறது. மார்க்ஸுக்கு ஹெகல் முன்னோடி, ஹெகலுக்குக் காண்ட் முன்னோடி என்பதால் சோவியத் காலத்திலும் அவர்மேல் கை வைக்கத் தயங்கினார்கள்.

பனிப்போர் முழுக்க இந்த மாகாணம் வெளிநாட்டவருக்குப் பூட்டியே கிடந்தது. பால்டிக் கடற்படையின் தலைமையகம் என்பதால். ஆனால் அப்போது அது தீவாக இல்லை. வழியில் இருந்த லித்துவேனியாவும் பெலாரஸும் அதே ஒன்றியத்துக்குள் இருந்ததால், மாஸ்கோவிலிருந்து ரயிலேறினால் யாரும் எதுவும் கேட்காமல் இங்கே இறங்கலாம். மாகாணத்தைப் பக்கத்து லித்துவேனியாவோடு சேர்க்காமல் ரஷ்யக் குடியரசோடு சேர்த்தது அன்றைக்கு வெறும் நிர்வாக விஷயம். மாநில எல்லை ஒருநாள் நாட்டு எல்லையாகும் என்று யார் கண்டது?

1991-ல் அது நடந்தது. இதுதான் இரண்டாம் துண்டிப்பு. லித்துவேனியா தனி நாடானது, சோவியத் ஒன்றியம் கலைந்தது, கலினின்கிராட் காலையில் எழுந்து பார்த்தபோது தாய்நாட்டுக்கும் தனக்கும் நடுவே இரண்டு அயல்நாடுகள். ஒரு வருடம் முன்புதான், 1990 செப்டம்பரில், இரண்டு ஜெர்மனிகளும் நான்கு வல்லரசுகளும் கையெழுத்திட்ட உடன்படிக்கையில், இப்போதிருக்கும் எல்லைக்கு அப்பால் எதையும் கோரமாட்டோம் என்று ஜெர்மனி எழுதிக் கொடுத்திருந்தது. யாரும் ஏன் திருப்பிக் கேட்கவில்லை என்ற உங்கள் கேள்விக்குப் பதில் இதுதான். இரண்டு ஜெர்மனிகளும் ஒன்றாகச் சேர்வதற்குக் கொடுத்த விலைகளில் ஒன்று அது. எழுதிக் கொடுக்காவிட்டாலும், முழுக்க ரஷ்யர்கள் வாழும் ஊரை வாங்கி வைத்து என்ன செய்வது? போலந்தும் லித்துவேனியாவும் கேட்கவில்லை. அதற்கும் காரணம் அதே 10 லட்சம் பேர்தான்.

1990-களில் இங்கே வேறொரு கனவு ஓடியது: பால்டிக்கின் ஹாங்காங் ஆகலாம் என்று. வரிச்சலுகை மண்டலம் அறிவித்தார்கள். பி.எம்.டபிள்யூ. கார்கள் பாகங்களாக இங்கே வந்து, கோக்கப்பட்டு, ரஷ்யச் சந்தைக்குப் போயின. 2022 வரை அது நடந்தது. 2012 முதல் நான்கு வருடம், எல்லையோரப் போலந்துக்காரர்களும் கலினின்கிராட்காரர்களும் விசா இல்லாமல் ஒருவர் பக்கம் ஒருவர் போய்வரலாம் என்று ஏற்பாடு இருந்தது. இவர்கள் அங்கே போய் மளிகை வாங்கினார்கள், அவர்கள் இங்கே வந்து பெட்ரோல் நிரப்பினார்கள். 2016-ல் போலந்து அதை நிறுத்தியது. 2022-ல் எல்லையில் முள்கம்பிச் சுருள் போட ஆரம்பித்தது.

பயணப் பிரச்சினைதான் உண்மையான தலைவலி. லித்துவேனியா 2004-ல் ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர வேண்டும். சேர்ந்தால் ரஷ்யர்களுக்கு விசா கட்டாயம். எங்கள் பிரஜை எங்கள் நாட்டின் ஒரு பகுதியிலிருந்து இன்னொரு பகுதிக்குப் போக அயல்நாட்டிடம் விசா கேட்பதா என்று மாஸ்கோ கொதித்தது. கடைசியில் 2003-ல் விசா என்று பெயர் சொல்லாத விசா ஒன்றைக் கண்டுபிடித்தார்கள்: "எளிமைப்படுத்தப்பட்ட கடப்பு ஆவணம்". ரயிலில் போகிறவர்களுக்குத் தனி வகை. டிக்கெட் வாங்கும்போதே விவரம் லித்துவேனியாவுக்குப் போகும். சரி என்றால் ரயில் லித்துவேனியத் தலைநகர் வில்னியுஸ் வழியாகக் கடக்கும், நடுவில் இறங்கக் கூடாது. 1920-களின் கதவு பூட்டிய ரயில் நினைவுக்கு வருகிறதா? அதே யோசனைதான், எண்பது வருடம் கழித்து, ஆளை மட்டும் மாற்றி.

2022-ல் ரஷ்யா உக்ரைன்மேல் படையெடுத்த பிறகும் அந்த ரயில் நின்றுவிடவில்லை. ஆனால் வில்னியுஸ் நிலையத்தில் அது நிற்கும் நடைமேடையோரம் உக்ரைன் அழிவின் பெரிய புகைப்படங்களை வரிசையாக மாட்டி, இதை ஆதரிக்கிறீர்களா என்று ரஷ்ய மொழியில் எழுதி வைத்தார்கள். ஜூன் மாதம், தடைப் பட்டியலில் இருந்த இரும்பு போன்ற சரக்குகளை ரயிலில் கொண்டுபோக லித்துவேனியா மறுத்தது. முற்றுகை என்று மாஸ்கோ கூச்சலிட்டது. ஜூலையில், ராணுவச் சரக்கு தவிர மற்றவை வழக்கமான அளவுக்குள் ரயிலில் போகலாம் என்று ஐரோப்பிய ஆணையம் வழிகாட்டுதல் கொடுத்துச் சூட்டைத் தணித்தது. விமானங்களுக்கு ஐரோப்பிய வான்வெளி மூடிவிட்டதால், அவை பின்லாந்து வளைகுடாவில் தொடங்கி பால்டிக் கடல்மேல் சுற்றிக்கொண்டு வருகின்றன. சரக்குக்கு ரஷ்யாவின் உஸ்த்-லூகா துறைமுகத்திலிருந்து கப்பல் உண்டு; ஆக, ஜெர்மனி 1920-ல் கண்டுபிடித்த கப்பல் வழியும் திரும்பிவிட்டது.

மின்சாரத்திலும் இதே கதை. பால்டிக் நாடுகள் மூன்றும் சோவியத் காலத்து ரஷ்ய மின்தொகுப்போடுதான் பிணைந்திருந்தன. கலினின்கிராடுக்கு அந்த வழியேதான் தொடர்பு. 2025 பிப்ரவரி 8 அன்று அவை கம்பியைக் கழற்றிக்கொண்டு, மறுநாள் ஐரோப்பியத் தொகுப்பில் சேர்ந்தன. கலினின்கிராட் இருளவில்லை, இந்த நாள் வரும் என்று தெரிந்து ரஷ்யா முன்கூட்டியே அங்கே மின்நிலையங்கள் கட்டியிருந்தது. எரிவாயுக் குழாயும் லித்துவேனியா வழியாகத்தான் வருகிறது என்பதால், அவசரத்துக்குக் கடல்வழியே எரிவாயு இறக்க ஒரு மிதக்கும் நிலையத்தையும் 2019-ல் கொண்டுவந்து நிறுத்தினார்கள். அந்தக் கப்பலின் பெயர் "மார்ஷல் வசிலெவ்ஸ்கி". 1945-ல் கோனிக்ஸ்பெர்க்கைப் பிடித்த படைகளின் தளபதி அவர்.

செய்திகளில் "சுவால்கி இடைவெளி" என்று அடிக்கடி வருவதற்கும் இந்தத் துண்டுதான் காரணம். கலினின்கிராடுக்கும் ரஷ்யாவின் நட்பு நாடான பெலாரஸுக்கும் நடுவே, போலந்தும் லித்துவேனியாவும் தொட்டுக்கொள்ளும் ஒரு குறுகிய நிலம், நேர்கோட்டில் சுமார் 65 கிலோமீட்டர். பால்டிக் நாடுகளுக்கு மற்ற நேட்டோ நாடுகளிலிருந்து தரைவழி என்று இருப்பது அது ஒன்றுதான். போர் வந்தால் ரஷ்யா முதலில் அங்கேதான் கை வைக்கும் என்று எழுதாத ராணுவ விமர்சகர் இல்லை. எனக்கு அதில் பாதி நம்பிக்கைதான். 2023-ல் பின்லாந்தும் 2024-ல் சுவீடனும் நேட்டோவில் சேர்ந்த பிறகு பால்டிக் கடற்கரையில் ரஷ்யாவைத் தவிர மற்ற எல்லா நாடும் நேட்டோ. கலினின்கிராட் எதிரியின் தொண்டையில் வைத்த கத்தி என்று ஒரு பக்கம் பார்த்தால், எதிரியின் கைக்குள் மாட்டிக்கொண்ட பணயக்கைதி என்றும் பார்க்கலாம். இரண்டுமாக இருப்பதால்தான் இரு தரப்பும் ரயில் விஷயத்தில் சத்தம் போட்டுவிட்டு, பிறகு காகிதத்தில் முடித்துக்கொள்கின்றன.

பெயர்ச் சண்டை மட்டும் ஓயவில்லை. 2023 மே மாதம் போலந்து, இனி எங்கள் வரைபடங்களில் கலினின்கிராட் என்று போடமாட்டோம், பழைய போலந்துப் பெயரான க்ருலேவியெட்ஸ் என்றுதான் போடுவோம் என்று அறிவித்தது. அர்த்தம் அதே "அரசன்" ஊர்தான். பையனின் வரைபடம் போலந்தில் அச்சானதாக இருந்தால் வேறு பெயர் பார்த்திருப்பீர்கள்.

இன்னொரு பெயர்ச் சண்டை நகருக்குள்ளேயே நடந்தது. 2018 இறுதியில், ரஷ்ய விமான நிலையங்களுக்குப் பெரிய மனிதர்களின் பெயர் சூட்ட இணையத்தில் வாக்கெடுப்பு வைத்தார்கள். கலினின்கிராடில் முதலில் முன்னணியில் வந்தவர் காண்ட். உள்ளூர்ப் பல்கலைக்கழகத்துக்கு ஏற்கெனவே அவர் பெயர்தான். கல்யாணம் முடிந்த ஜோடிகள் அவர் கல்லறையில் பூ வைப்பதும் ஊர் வழக்கம். ஆனால் ஒரு கடற்படை உயரதிகாரி மாலுமிகளைக் கூட்டி, காண்ட் பேராசிரியர் பதவிக்காக மண்டியிட்ட துரோகி என்று பேசிய காணொளி வெளியே வந்தது. அந்த 1758 விண்ணப்பத்தைத்தான் சொல்கிறார். மண்டியிட்டது ரஷ்ய மகாராணியிடம் என்பது அவருக்கு உறைத்ததா தெரியவில்லை. அதே நாட்களில் யாரோ இரவில் காண்டின் சிலைமேல் இளஞ்சிவப்புப் பெயிண்டை ஊற்றிவிட்டுப் போனார்கள். வாக்கெடுப்பில் காண்ட் பின்னுக்குப் போனார். ஜெயித்தது மகாராணி எலிசவேத்தா. 2019 முதல் விமான நிலையம் அவர் பெயரில்தான் இருக்கிறது.